மானஸ்தர் ஏறிய தூண்

கூரை ஓட்டுக் கம்பெனி முதலாளியை எல்லாரும் தலைவர் என்றே கூப்பிடுவார்கள். எதற்குத் தலைவர் என்று கேட்டால் சட்டென்று சொல்ல யாருக்கும் வராது. காலை நடைக் குழுவுக்குத் தலைவர். தெருவிளக்குப் பராமரிப்புச் சங்கத்துக்குத் தலைவர். இரண்டே பேர் மிஞ்சிப்போன பழைய மாணவர் மன்றத்துக்கும் அவர்தான் தலைவர், மற்றவர் உறுப்பினர். ஒரு அறையில் நாற்காலிகளை எப்படிப் போட்டாலும் நடு நாற்காலி தானாக நகர்ந்து வந்து அவருக்கு அடியில் நின்றுகொள்ளும் என்பார்கள்.

அப்படிப்பட்டவர் குன்றின் மேலிருக்கும் சமணக் கோயிலின் திருப்பணிக் குழுவுக்கும் தலைவரானதில் வியப்பில்லை. பிறப்பால் சமணரான அவர் அந்தக் கோயிலை அதுவரை சரியாகப் பார்த்ததே இல்லை என்பதுதான் வியப்பு. வெளியூர் விருந்தாளிகளைக் கூட்டிக்கொண்டு போனதுண்டு. போனபோதெல்லாம் அவர் பார்த்தது, யார் யார் தன்னைப் பார்க்கிறார்கள் என்பதை.

கோயில் வாசலுக்கு முன்னால், திறந்த வெளியில், ஒரு சலவைக்கல் தூண் நிற்கிறது. எதையும் தாங்குகிற வேலை அதற்குக் கிடையாது. அதன் தலைக்கு மேல் வானம்தான். உச்சியில் குருவிக்கூடு மாதிரி ஒரு சின்ன மண்டபம். அதற்குள் நாலு திசையையும் பார்த்தபடி நாலு தீர்த்தங்கரர்கள். படியேறி மூச்சு வாங்க வருகிறவன் கோயிலைப் பார்ப்பதற்கு முன் இதைத்தான் பார்ப்பான். அண்ணாந்து பார்ப்பான், பார்த்த இடத்திலேயே நின்றுவிடுவான். தூணின் பெயர் மானஸ்தம்பம்.

இந்தப் பெயரில்தான் தலைவர் வழுக்கி விழுந்தார்.

மானம் என்றால் மானம். ஸ்தம்பம் என்றால் தூண். ஆக, மானஸ்தர்களுக்காக எழுப்பிய தூண். தனக்காகவே யாரோ புண்ணியவான்கள் முன்கூட்டிக் கட்டி வைத்துவிட்டுப் போயிருக்கிறார்கள் என்று அவருக்குத் தோன்றியது. உச்சி மண்டபத்தில் விரிசல் கண்டிருக்கிறது, சாரம் கட்டிச் சரிசெய்ய வேண்டும் என்று குழுவில் பேச்சு வந்தபோது, மற்றவர்கள் தொண்டையைச் செருமுவதற்குள் "அந்தத் தூண் என் பொறுப்பு" என்றார். ஒரே ஒரு நிபந்தனை. தூணில் ஒரு வரி பொறிக்க வேண்டும். வரி என்றுதான் பேர். படித்து முடிக்க நடுவில் ஒருமுறை மூச்சு விட வேண்டும். தொடக்கத்தில் அவர் பெயர், நடுவில் பட்டங்கள், முடிவில் 'குடும்ப மானம் காத்தவர் நினைவாக' என்று இருந்தது.

"உயிரோட இருக்கிறவருக்கு நினைவாகன்னு போடலாமா?" என்று யாரோ இழுத்தார்கள்.

"நினைவுல இருக்கணும்ல" என்றார் தலைவர்.

குழுவின் செயலாளர் ஓய்வுபெற்ற பேராசிரியர். மானஸ்தம்பம் என்பதன் உண்மையான பொருள் அவருக்குத் தெரியும். ஆனால் தெரிந்ததைச் சொல்லாமல் இருந்துதான் அவர் ஒவ்வொரு பதவியாக ஏறி வந்திருந்தார். எதைச் சொன்னாலும் "அப்படியும் சொல்லலாம் தலைவரே" என்பார். அன்றைக்கும் அதையே சொன்னார்.

இவ்வளவு வேகத்துக்கும் மூல காரணம் சம்பந்தி. தலைவரின் மகள் வாழ்க்கைப்பட்ட வீட்டுக்குப் பெரியவர், ஜவுளிக்கடைக்காரர். போன வருடம் அவர் கோயிலுக்கு ஒரு செருப்பு மண்டபம் கட்டிக்கொடுத்தார். செருப்பு மட்டுமில்லை, இடுப்பு வார், பணப்பை, தோலில் செய்த எதுவும் கோயிலுக்குள் போகக்கூடாது. எல்லாவற்றையும் அங்கே வைத்துவிட்டுத்தான் நகர முடியும். மண்டபத்தின் முன்சுவரில், முழங்கால் உயரத்தில், சம்பந்தியின் பெயர் கருங்கல்லில் பளபளத்தது.

பேத்தியின் பிறந்தநாள் விருந்தில் சம்பந்தி எல்லார் முன்னாலும் சொன்னார்: "சாமி பாக்க வர்ற ஒவ்வொருத்தனும் முதல்ல என் பேருக்கு முன்னால குனியறான், சம்பந்தி. குனியாம செருப்பைக் கழட்ட முடியுமா சொல்லுங்க?" பிறகு, பாயசத்தை உறிஞ்சிக்கொண்டே, "உங்க பேரும்தான் ஊர் பூரா இருக்கே, ஓட்டு மேல. ஆனா மழை பெஞ்சா அழிஞ்சுடுதாமே?" என்றார்.

பந்தியே சிரித்தது. தலைவரின் சொந்த மகளும் வாயைக் கையால் பொத்திக்கொண்டாள். அவள் வாய் பொத்தியதுதான் அவரைத் தூங்கவிடாமல் செய்தது. அன்றைக்கே முடிவு கட்டினார்: சம்பந்தி பெயரைக் குனிந்து படிக்கிறார்களா, தன் பெயரை அண்ணாந்து படிக்க வேண்டும். மழையில் அழியாத இடத்தில், கல்லில்.

திறப்பு விழாவுக்கு முந்தின நாள் காலை. மாலைக்குள் சாரத்தைப் பிரித்துவிடுவார்கள். எழுத்து வெட்டினால் இன்றைக்கு. இல்லாவிட்டால் இந்த ஜென்மத்தில் இல்லை. இடத்தைக் காட்டத் தானே சாரம் ஏறப்போவதாக வீட்டில் சொல்லியிருந்த தலைவர், கண்ணாடி முன் நின்று மறுநாள் பேச்சை ஒத்திகை பார்த்துக்கொண்டிருந்தார்.

"மானஸ்தம்பம் என்பது, மானமே பெரிதென வாழ்ந்தவர்களை வானளாவ..."

துணி மடித்துக்கொண்டிருந்த மனைவி நிமிர்ந்தாள். "ஏங்க, மானம்னா அங்க வேற..."

"மானத்தைப் பத்தி எனக்கே பாடமா?"

"அதில்லை, கோயில்ல சொல்றது..."

"மானம் போச்சுன்னா மூச்சு போச்சுன்னு வாழ்ற குடும்பம் இது. தெரியும்ல?"

"தெரியும். பாத்து ஏறுங்க."

வாரம் தவறாமல் கோயிலுக்குப் போகிறவள் அவள். ஆனால் கல்யாணமான நாளிலிருந்து சொல்ல வந்ததைச் சொல்லி முடிக்கும் வாய்ப்பு அவளுக்கு வாய்த்ததில்லை. அதனால் வாக்கியத்தைப் பாதியில் அழகாக நிறுத்துவதை ஒரு கலையாகவே வளர்த்து வைத்திருந்தாள்.

செருப்பு மண்டபத்தில் தலைவர் குனியவில்லை. சம்பந்தி பெயருக்கு முன்னால் குனிவதாவது. சுவரில் ஒரு கையை ஊன்றி, ஒற்றைக்காலில் நின்று, மறுகாலால் பாதணியை நெம்பித் தள்ளினார். காவலுக்கு இருந்த அம்மாள் பொறுமையாகப் பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, "வாரையும் கழட்டிடுங்க ஐயா" என்றாள்.

"இது வேணுமே."

"தோலு."

"நான் திருப்பணிக் குழுத் தலைவர்."

"இருக்கட்டும் ஐயா. அதை நீங்களே வச்சுக்கலாம். வாரை மட்டும் குடுங்க."

வைத்தியர் சொன்னார் என்று தலைவர் சமீபத்தில்தான் இளைத்திருந்தார். கால்சட்டைகள் அந்தச் செய்தியைக் கேள்விப்படாமல் பழைய அளவிலேயே இருந்தன. வாரைக் கொடுத்த மறுகணம் கால்சட்டை இறங்க ஆரம்பித்தது. மானஸ்தம்பத்தை நோக்கி அவர் நடந்தபோது, ஒரு கையில் கல்லில் வெட்ட வேண்டிய வாசகம் எழுதிய தாள். மறு கையில் மானம்.

ஏறுவதற்கு முன் கோயிலுக்குள் ஒரு சுற்றுப் போய்வர வேண்டும் என்றார். பக்தி ஒன்றுமில்லை. பழைய காலத்துக் கொடையாளிகள் எழுத்தை எந்த அளவில் வெட்டினார்கள் என்று பார்த்தால், அதைவிட ஒரு விரற்கடை பெரிதாக வெட்டச் சொல்லலாம். பேராசிரியர் கூட வந்தார்.

வாசலைத் தாண்டியதும் வெயில் வெளியிலேயே நின்றுவிட்டது. உள்ளே இருந்த வெளிச்சம் வேறு வகை. எங்கிருந்து வருகிறது என்று சொல்ல முடியாமல், கல்லே அதை மெதுவாக விட்டுக்கொண்டிருப்பது போல் இருந்தது. எந்தப் பக்கம் திரும்பினாலும் தூண். தூணுக்குப் பின்னால் தூண். ஒன்றில் கொடி, அடுத்ததில் மணிகள், அதற்கடுத்ததில் அன்னம் வரிசை. ஒன்றைப் போல் இன்னொன்று இல்லை. அத்தனை தூண்கள் இருந்தும் ஒன்றுகூட வழியை மறைக்கவில்லை. எங்கே போய் நின்றாலும் இரண்டு தூண்களுக்கு நடுவில், தூரத்தில், நடுச் சன்னிதியில் அமர்ந்திருப்பவரின் முகம் தெரிந்தது. தலைவர் இடது பக்கம் நகர்ந்து பார்த்தார், முகம். வலது பக்கம் போனார், அப்போதும் முகம்.

"என்னய்யா, போற இடமெல்லாம் பாக்கறார்?"

"நாலு வாசல், நாலு முகம் தலைவரே. எந்த வழியா வந்தாலும் நேருக்கு நேர்தான். முதுகு காட்டற வழக்கமே இந்தக் கோயில்ல கிடையாது."

விதானத்தில் வட்டத்துக்குள் வட்டமாக ஒரு தாமரை தலைகீழாக மலர்ந்திருந்தது. அதன் நடுவிலிருந்து இதழ்க் கொத்து ஒன்று கீழ்நோக்கித் தொங்கியது. கல் தொங்கும் என்பதைத் தலைவரின் மூளை ஒப்புக்கொள்ள மறுத்தது. அந்த இதழ்களை உளியால் கொத்தவில்லை, மணலும் தண்ணீரும் வைத்துத் தேய்த்தே மெலியவைத்தார்கள் என்றார் பேராசிரியர். ஒரு இதழுக்குப் பின்னால் வெயில் கீற்று விழுந்தது. வெளிச்சம் கல்லுக்குள் இறங்கி, மறுபக்கம் பால் நிறத்தில் கசிந்தது. தலைவருக்குக் கழுத்து வலித்தது. ஆனாலும் கொஞ்ச நேரம் அப்படியே நின்றார்.

பிறகு சுதாரித்துக்கொண்டார். "சரி, கட்டினவர் பேரு எங்க?"

"உப்பு வியாபாரி ஒருத்தர் ஆரம்பிச்சதா கேள்வி. அவர் காலத்துல அடித்தளம் மட்டும். பிள்ளை காலத்துல சுவர் எழும்புச்சு. பேரன் காலத்துலதான் இந்த விதானம்."

"அந்த உப்பு வியாபாரி பேரு?"

"தெரியாது தலைவரே."

"எங்கயாவது வெட்டி வச்சிருப்பாரே."

"தேடாத இடமில்லை. கிடைக்கல."

"மூணு தலைமுறை செலவு பண்ணிட்டு பேரைப் போடலயா? அந்தக் காலத்துல எழுத்தறிவு கம்மி போல."

"அப்படியும் சொல்லலாம்."

படையெடுப்பு வந்த கதையையும் பேராசிரியர் சொன்னார். கோயிலை எப்படிக் காப்பாற்றுவது என்று தெரியாமல், மக்கள் ஆற்றிலிருந்து மணலைச் சுமந்து வந்து கோயிலையே நிரப்பினார்களாம். சன்னிதியில் ஆரம்பித்து, விதானத்தைத் தொட்டு, கோபுரத்தையும் மூடி, குன்றோடு குன்றாக்கிவிட்டார்கள். மணலுக்கு மேல் இந்த மானஸ்தம்பத்தின் உச்சி மட்டும் முளைத்திருந்தது. வந்த படை அதை ஏதோ எல்லைக்கல் என்று நினைத்து, அதன் நிழலில் இளைப்பாறிவிட்டுப் போய்விட்டது. ஒரு தலைமுறை கழித்துத் தோண்டினார்கள். முதலில் தாமரை, பிறகு முகம், கடைசியில் பாதம் என்று கோயில் மேலிருந்து கீழாகத் திரும்பிப் பிறந்தது. ஒரு இதழ்கூட மழுங்கவில்லை.

"மணல் சுமந்தவங்க பேராவது?"

"அதை எழுத ஆரம்பிச்சா சுவர் பத்தாது தலைவரே."

 கோயில் முழுக்கப் பெயரே இல்லை என்றால், தன்னுடையதுதான் முதல் பெயர். அந்த எண்ணம் வந்ததும் கழுத்து வலி பறந்துபோயிற்று.

தூணடியில் எழுத்து வெட்டுகிறவர் உளிகளைச் சாக்கில் பரப்பிக்கொண்டு காத்திருந்தார். கடைப் பெயர், அடிக்கல், கல்லறை என்று அந்தப் பக்கத்தில் கல்லில் எது எழுதியிருந்தாலும் அவர் கை பட்டதுதான். எல்லாரையும் ஒரே ஆழத்தில் வெட்டுகிறவர். தாளை வாங்கி உதட்டை அசைத்துப் படித்தார்.

"இவ்வளவும் வெட்டினா தூண் இளைச்சுடும் தலைவரே."

"அதெல்லாம் தாங்கும். கீழேருந்து பாத்தா தெரியணும். இடத்தை நானே வந்து காட்டறேன்."

"நீங்களா?" அவர் பார்வை தலைவரின் இடுப்பைப் பிடித்திருந்த கைக்குப் போனது. "ரெண்டு கையும் வேணுமே, சாரம் ஏற." கல்லில் வரி பிடிக்கக் கோடு போடும் நூல் ஒன்று அவரிடம் இருந்தது, சுண்ணாம்பு தோய்ந்த கெட்டியான நூல். அதில் மூன்று முழம் அறுத்து, தலைவரின் இடுப்பைச் சுற்றி இறுக்கி முடிச்சுப் போட்டார். "இது பருத்தி. சாமி ஒண்ணும் சொல்லமாட்டார்."

ஏறினார்கள். எழுத்து வெட்டுகிறவர் முன்னால், தலைவர் பின்னால். பேராசிரியர் கீழே நின்று சாரத்தின் ஒரு கம்பத்தைப் பிடித்துக்கொண்டார். அவரால் ஆன ஆதரவு.

முதல் தட்டில் நின்று தலைவர் தூணைத் தடவிப் பார்த்தார். அங்கே யானைகள் வரிசையாகப் போயின. இன்னும் மேலே, என்றார். அடுத்த தட்டில் குதிரைகள். இன்னும் மேலே. ஏற ஏற வேலைப்பாடு குறையும் என்றுதான் அவர் எதிர்பார்த்தார். உயரத்தில் யார் பார்க்கப் போகிறார்கள்? ஆனால் தூண் அவருடைய எதிர்பார்ப்பை மதிக்கவில்லை. மேலே போகப் போக வேலை நுணுகிக்கொண்டே போனது. கீழே யானையின் தும்பிக்கை தெரிந்தது. இங்கே குதிரைப் பிடரியின் ஒவ்வொரு மயிரும் தெரிந்தது. அதற்கும் மேலே ஒரு பூவுக்குள், விரல் நகத்தளவில், ஒரு வண்டு. வண்டின் இறக்கையில் நரம்பு.

"இதைக் கீழேருந்து யாராலயாவது பாக்க முடியுமா?"

"பறவையா இருந்தா பாக்கலாம்" என்றார் எழுத்து வெட்டுகிறவர்.

உச்சிக்கு வந்தார்கள். காற்று சட்டைக்குள் புகுந்து ஊதியது. கைக்கெட்டும் தூரத்தில் மண்டபம். நாலு பேர் நாலு திசையைப் பார்த்து அமர்ந்திருந்தார்கள். நாலு பேருக்கும் ஒரே முகம். ஊரை, ஆற்றை, காற்றை, தலைவரை எல்லாவற்றையும் ஒரே அமைதியோடு பார்த்துக்கொண்டிருந்த முகம். பின்பக்கம் எப்படி இருக்கும் என்று தலைவர் நாலு பேருக்கும் நடுவிலிருந்த இடுக்கில் தலையை நுழைத்துப் பார்த்தார். அங்கேயும் வேலை. நாலு முதுகுகளும் சேரும் இருட்டில், தலைமுடிச் சுருள்கள் ஒவ்வொன்றாகச் செதுக்கப்பட்டிருந்தன. செதுக்கியவனுக்குப் பிறகு அங்கே எட்டிப் பார்த்தது காற்று மட்டும்தான்.

தலைவர் தலையை வெளியே எடுத்தார். கீழே பார்த்தார். கோயிலின் கூரை முழுவதும் தெரிந்தது. கூரை அவருடைய தொழில். கூரையைப் பார்த்தால் அவர் கண் தானாகக் கணக்குப் போடும். நடுச் சன்னிதியைச் சுற்றி மண்டபங்கள், மண்டபங்களைச் சுற்றிச் சிறு கோயில்கள், அவற்றின் குவிமாடங்கள் என்று வட்டம் வட்டமாக விரிந்து, மொத்தக் கோயிலும் உள்ளே விதானத்தில் பார்த்த அதே தாமரையாக, ஆனால் வானத்தைப் பார்த்து, மலர்ந்து கிடந்தது. ஒவ்வொரு குவிமாடத்தின் மேற்புறத்திலும் இதழ்கள். மழைத்தண்ணீர் ஓடும் வாய்க்கால்கூட ஒரு கொடியாக வளைந்து போனது. இணைப்புகளில் நூல் நுழையாது.

ஓட்டுக் கம்பெனியில் அவருக்கென்று ஒரு புகழ்பெற்ற வாக்கியம் உண்டு. ஓட்டின் அடிப்பக்கம் சொரசொரப்பாக இருக்கிறது, கொஞ்சம் தேய்த்துவிடலாமா என்று யாராவது கேட்டால், "கீழ்ப்பக்கம் யாரு பாக்கப் போறா? மேல பேரு தெளிவா விழுந்திருக்கா, அதைப் பாரு" என்பார். அந்த வாக்கியம் இப்போது தொண்டைவரை வந்தது. விழுங்கிக்கொண்டார்.

"தலைவரே, இங்க வாங்க" என்றார் எழுத்து வெட்டுகிறவர். குரல் மாறியிருந்தது.

கிழக்கு பார்த்து அமர்ந்தவரின் பீடத்துக்கு அடியில், இரண்டு தாமரை இதழ்களுக்கு நடுவில், ஒரு மனிதன் மண்டியிட்டிருந்தான். விரல் நீளம்தான். கைகூப்பி, முகத்தைப் பீடத்தின் பக்கம் திருப்பி, உலகத்துக்கு முதுகைக் காட்டிக்கொண்டிருந்தான். தோளில் ஒரு சின்ன மூட்டை.

"உப்பு மூட்டை" என்றார் தலைவர். 

மனிதனுக்குக் கீழே உள்ளங்கை அகலத்துக்குக் கல்லை வழவழவென்று இழைத்திருந்தார்கள். எழுத்து வெட்டுகிறவர் எச்சில் தொட்டு அதைத் துடைத்தார். ஈரத்தில் கோடுகள் எழும்பின. இணையாக இரண்டு கோடு, முடிபோல மெல்லிசாக.

"எழுத்துக்குக் கோடு போட்டிருக்கான் பாருங்க. நாங்களும் இப்படித்தான் போடுவோம், வெட்டறதுக்கு முன்னால. கோடு போட்டு, இடம் இழைச்சு, எல்லாம் தயார் பண்ணிட்டு..." அவர் விரலால் வருடினார். "ஒரு எழுத்து வெட்டல."

"ஏன்?"

"யாருக்குத் தெரியும்? கூலியில ஏதாவது தகராறா இருக்கும். இல்ல, வெட்டவேணாம்னு அந்த மனுஷனே சொல்லியிருக்கணும்." தாளை எடுத்துப் பார்த்தார்; அளந்தார். "சுருக்கினா உங்க பேரு மட்டும் கச்சிதமா உக்காரும் தலைவரே. கோடு போடற வேலைகூட இல்லை. ஆரம்பிக்கவா?"

உளியின் முனையால் கல்லை லேசாகத் தட்டிப் பார்த்தார், கல்லின் மனசை அறிவதற்கு. தூண் முழுக்க ஒரு மணிச்சத்தம் இறங்கிப் போயிற்று. தலைவரின் உள்ளங்கால் வழியாக ஏறி, நெஞ்சில் கொஞ்ச நேரம் நின்று, அடங்கியது.

அவருக்குத் தெரியும்: இதைவிட நல்ல இடம் கிடைக்காது. கீழிருந்து தெரியாவிட்டால் என்ன, மழை படாது. அழியாது. எத்தனை படையெடுப்பு வந்தாலும் மணலுக்கு மேல் நிற்கும். சம்பந்தியின் கருங்கல்லைச் செருப்புத் தூசி தின்று முடித்த பிறகும் இருக்கும். சரி என்று ஒரு தலையசைப்புப் போதும்.

மண்டியிட்டிருந்தவன் திரும்பிப் பார்க்கவில்லை. யார் வந்திருக்கிறார்கள் என்று தெரிந்துகொள்ளும் ஆசைகூட இல்லாத முதுகு. தலைவர் அந்த முதுகையே பார்த்துக்கொண்டிருந்தார். தன் இரண்டு கைகளும் கூப்பியிருப்பதை எழுத்து வெட்டுகிறவரின் பார்வையைப் பார்த்துத்தான் கவனித்தார். கால்சட்டையை நூல் பிடித்துக்கொண்டிருந்தது.

"வேணாம்ப்பா" என்றார்.

"வேற இடமா?"

"அங்க ஆளு இருக்கு."

எழுத்து வெட்டுகிறவர் அவரை ஒருமுறை பார்த்தார். மறுபேச்சுப் பேசாமல் உளியைச் சாக்கில் சுருட்டினார்.

இறங்கும்போது, குதிரைகளைத் தாண்டும்வரை அவர் மனம் நிஜமாகவே காலியாக இருந்தது. யானைகள் அருகே வந்தபோது ஒரு யோசனை முளைத்தது. கடைசித் தட்டில் அது வாக்கியமாகிவிட்டது: 'பெயர் வேண்டாமென்ற பெருந்தகை.' தூணில் வேண்டாம். பக்கத்தில் ஒரு சின்னப் பலகையாக வைத்தால் தப்பில்லையே?

"முடிஞ்சுதா தலைவரே?" என்றார் பேராசிரியர்.

"பேரு வேணாம்னுட்டேன்."

"என்ன ஒரு பெருந்தன்மை."

"அப்படியும் சொல்லலாம்" என்றார் தலைவர்.

வீட்டுக்குப் போய் மனைவியிடம் எல்லாவற்றையும் சொன்னார். வண்டைச் சொன்னார், முடிச்சுருளைச் சொன்னார், முதுகைச் சொன்னார். சொல்லச் சொல்லப் பேச்சு நின்று நின்று வந்தது. கடைசியில் முழுசாகவே நின்றுவிட்டது. அந்த இடைவெளியில், கல்யாணமான நாளிலிருந்து முதல்முறையாக, அவள் ஒரு விஷயத்தைத் தொடங்கி முடித்தாள்.

"மானம்னா கோயில்ல கர்வம்னு அர்த்தங்க. மனசுல ஒட்டற அழுக்கு நாலு சொல்வாங்க: கோபம், கர்வம், வஞ்சகம், பேராசை. அதுல இது ரெண்டாவது. வர்றவன் அந்தத் தூணைப் பாத்ததும் அவன் கர்வம் அங்கயே நின்னுடணும். அதுக்குத்தான் வாசலுக்கு வெளியில வச்சிருக்காங்க. செருப்பை ஒரு இடத்துல விடற மாதிரி, இதை ஒரு இடத்துல."

 "அழைப்பிதழ்ல 'மானஸ்தர் திறந்து வைக்கிறார்'னு போட்டிருக்கே."

"படிச்சேன்."

"இது எல்லாருக்கும் தெரியுமா?"

"செருப்பு பாத்துக்கற அம்மாகூட என்னை நிறுத்திக் கேட்டாங்க, ஐயா வேணும்னேதான் போட்டிருக்காரான்னு."

"நீ என்ன சொன்னே?"

"அடக்கம் ஜாஸ்தின்னு சொல்லி வச்சேன்."

தலைவர் முகத்தைத் துடைத்துக்கொண்டார். பிறகு மெல்ல நிமிர்ந்தார். "ஆனா என் கர்வம் நின்னுபோச்சு, தெரியுமா? மேலயே நின்னுபோச்சு. நாளைக்கு மேடையில இதை விலாவாரியா சொல்லப் போறேன்."

"சொல்லுங்க" என்றாள் மனைவி. "சொன்னதும் மறுபடி ஓட ஆரம்பிச்சுடும்."

மறுநாள் சாரம் இல்லாமல் தூண் தனியாக நின்றது. கழுவின சலவைக்கல்லில் காலை வெயில் பட்டு, கூட்டம் கண்ணைச் சுருக்கிக்கொண்டு அண்ணாந்து பார்த்தது. தலைவர் எழுந்து ஒலிபெருக்கியைப் பிடித்தார். முன்வரிசை நாற்காலியில் சாய்ந்துகொண்டது. அவர் பிடித்தால் சீக்கிரம் விடமாட்டார் என்று அனுபவம்.

"தூண் நல்லா இருக்கு" என்றார். "எல்லாரும் பாருங்க."

உட்கார்ந்துவிட்டார். பேச்சு முடிந்துவிட்டது என்று நம்புவதற்குப் பேராசிரியருக்குச் சற்று நேரம் பிடித்தது. அவருடைய கைதட்டல் தனியாகவும் தாமதமாகவும் வந்தது.

கூட்டம் கலையும்போது சம்பந்தி தூணை நாலு பக்கமும் சுற்றி வந்து, தலைவர் முன்னால் நின்றார். பக்கத்தில் மகள், மருமகன், தெரிந்தவர்கள்.

"என்ன சம்பந்தி, பேரைத் தேடித் தேடிப் பாத்தேன், கண்ணுல படலயே. என் கண்ணுல கோளாறா?"

தலைவர் வாயைத் திறந்தார். எல்லாம் நாக்கு நுனியில் இருந்தது: ஏறியது, கோடு போட்ட கல், உளி, வேணாம்ப்பா என்று சொன்ன அந்த ஒரு சொல். சொன்னால் சம்பந்தி இந்த ஜென்மத்துக்கு வாயடைத்துப் போவார். செருப்பு மண்டபம் அப்படியே பூமிக்குள் இறங்கிவிடும். தலைவர் அண்ணாந்தார். கிழக்கு பார்த்த பீடத்தின் அடியில், இங்கிருந்து ஒரு புள்ளியாகக்கூடத் தெரியாத இடத்தில், ஒரு முதுகு இருந்தது.

வாயை மூடிக்கொண்டார்.

"கோயில்காரங்க வேணாம்னுட்டாங்களா? சொல்லுங்க, நம்மகிட்ட என்ன மறைப்பு" என்றார் சம்பந்தி. "சரி விடுங்க. போட்டிருந்தாலும் மழையில அழிஞ்சிருக்கும்."

சிரித்தார்கள். மகள் சிரித்தாளா என்று தலைவர் திரும்பிப் பார்க்கவில்லை. அதுதான் இருப்பதிலேயே கஷ்டமாக இருந்தது. சாரம் ஏறியதெல்லாம் ஒன்றுமே இல்லை. காது மடல் இரண்டும் சிவந்து, கழுத்து நரம்பு துடித்தது. மனைவி மட்டும் அதைப் பார்த்தாள். தன் கைப்பையிலிருந்து தண்ணீர்ப் புட்டியை எடுத்து அவரிடம் நீட்டினாள்.

செருப்பு மண்டபத்தில் தலைவர் குனிந்து உட்கார்ந்து பாதணியை மாட்டினார். முகத்துக்கு நேரே சம்பந்தியின் பெயர். முழுசாகப் படித்தார்.

"எழுத்து நல்லா வெட்டியிருக்கான்" என்றார்.

காவலிருந்த அம்மாள் முந்தின நாள் அவர் விட்டுப்போன வாரை நீட்டினாள். வாங்கித் தோளில் போட்டுக்கொண்டார். இடுப்பில் இன்றைக்கும் அந்தச் சுண்ணாம்பு நூல்தான் இருந்தது.

படியிறங்கிப் பாதி தூரம் போன பிறகு மனைவியின் பக்கம் சாய்ந்து, தணிந்த குரலில், "பாத்தியா? நான் ஒரு வார்த்தை சொன்னேனா அவர்கிட்ட?" என்றார்.

"இல்லை" என்றாள் அவள். "இப்பத்தான் சொல்றீங்க, என்கிட்ட."

தலைவர் நடையை நிறுத்திவிட்டார். திரும்பி மேலே பார்த்தார். வெயில் உச்சி மண்டபத்தில் ஏறியிருந்தது. நாலு முகங்களில் ஒன்று அவர்கள் இறங்கும் வழியைப் பார்த்துக்கொண்டிருந்தது. இருவரும் நின்றார்கள்.  பின்னால் இறங்கி வந்தவர்கள் தலைவரை விலக்கிக்கொண்டு, அடையாளம் தெரியாமல், தாண்டிப் போனார்கள்.